தோன்றா எழுவாய்

வெளிநாட்டவர் பதிவு அலுவலகத்திலிருந்து விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தபோது என் மனைவி என் புத்தகத்துக்கு ஒற்று போட்டுக்கொண்டிருந்தாள். அவள் தமிழாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். அவள்தான் ஓய்வு பெற்றாள், சிவப்புப் பேனா இன்னும் பெறவில்லை. கல்யாணமான நாளிலிருந்து சினிமாவைப் பற்றி நான் எழுதும் ஒவ்வொரு கட்டுரையையும் முதலில் பார்ப்பது அவள்தான். படிப்பது என்று சொல்ல மாட்டேன். க், ச், த், ப் எங்கே வர வேண்டும், எங்கே வரக்கூடாது என்று பார்ப்பாள். நான் சாதியைப் பற்றிக் கொதித்து எழுதியிருந்தாலும் சரி, கூலியைப் பற்றிக் கொதித்து எழுதியிருந்தாலும் சரி, "இந்த எடத்துல வல்லினம் மிகாதுங்க" என்பதோடு அவள் கருத்து முடிந்துவிடும். இப்போது அந்தக் கட்டுரைகளைத் தொகுத்து ஒரு பதிப்பகம் புத்தகமாகப் போடுகிறது. அச்சுக்குப் போகுமுன் திருத்த வேண்டிய தாள்கள் சாப்பாட்டு மேசை முழுக்கப் பரவிக் கிடந்தன. தட்டு வைக்க இடமில்லாமல் ஒரு வாரமாகக் கையில் வைத்துக்கொண்டுதான் சாப்பிட்டோம்.

கடிதம் ஆங்கிலத்தில் இருந்தது. திரும்பத் திரும்பப் படித்தேன். ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு மாதிரி புரிந்தது. சாரம் இதுதான்: நான் வெளிநாட்டுக் குடிமகன். இங்கே தங்கியிருக்க ஓர் அட்டை வைத்திருக்கிறேன். அட்டைக்காரர்கள் பத்திரிகை வேலை பார்க்க வேண்டுமென்றால் தனி அனுமதி வாங்க வேண்டும். நான் அனுமதி வாங்காமல் அரசியல் கட்டுரைகள் எழுதுவதாகப் புகார் வந்திருக்கிறது. விளக்கத்தோடும், எழுதியவற்றின் மாதிரிகளோடும் நேரில் வரவும்.

"என்னாவாம்?" என்றாள் மனைவி, தலையைத் தூக்காமல்.

"நான் பத்திரிகைக்காரனான்னு கேக்குறாங்க."

"இல்லன்னு சொல்லிடுங்க."

"நான் எழுதறது அரசியலான்னும் கேக்குறாங்க."

அவள் பேனாவை மூடி வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "அதான எனக்கும் தெரியல" என்றாள். கிண்டலாகச் சொன்னாளா, நிஜமாகவே சொன்னாளா என்று இன்று வரை எனக்குப் பிடிபடவில்லை.

வெளிநாட்டுக் குடிமகன் என்றதும் நீங்கள் ஒரு வெள்ளைக்காரனைக் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். மார்க்கெட்டில் மீன் வாங்கும்போது வெளியூர்க்காரன் என்று நினைத்து என்னை யாரும் ஏமாற்றியது கிடையாது. உள்ளூர்க்காரன் என்று உரிமையோடுதான் ஏமாற்றுவார்கள். என் அப்பா சொல்தா. பிரெஞ்சு ராணுவத்தில் வேலை பார்த்துவிட்டுப் பென்ஷன் வாங்குகிறவர்களை எங்கள் ஊரில் அப்படித்தான் சொல்வோம். பிரெஞ்சுக்காரர்கள் ஊரை விட்டுப் போனபோது, யாருக்கு எந்தக் குடியுரிமை வேண்டும் என்று கேட்டிருக்கிறார்கள். தாத்தா ஒரு கையெழுத்துப் போட்டிருக்கிறார். நான் பிறப்பதற்கு முன்பே அந்தக் கையெழுத்துக்குள் அடங்கிப்போனேன். அப்பாவின் படைப்பிரிவு இருந்த ஏதோ ஒரு குளிர்நாட்டு ஊரில் பிறந்து, ஒன்பது வயதில் புதுச்சேரிக்கு வந்தேன். அதன்பிறகு இந்த ஊரை விட்டு நகரவில்லை. கையில் பிரெஞ்சு பாஸ்போர்ட், அதோடு ஓசிஐ என்கிற அட்டை. எங்கள் திரைப்படக் கழகத்து நண்பர்களுக்கு அந்தப் பெயரே போதும். நான் ஏதாவது ஒரு படத்தைப் பற்றிச் சீறினால், "ஓசியில இருக்கற ஆளுக்கு இவ்ளோ கோவம் ஆவாது" என்பார்கள்.

வந்த புதிதில் நான் பேசிய தமிழ், அம்மா அப்பா வாயிலிருந்து பொறுக்கியது பாதி, பிரெஞ்சிலிருந்து நிரப்பிக்கொண்டது பாதி. பிரெஞ்சில் நாம், நாங்கள் இரண்டுக்கும் 'நு' என்று ஒரே ஒரு சொல். கேட்கிறவர் அதில் சேர்த்தியா இல்லையா என்று அது கவலைப்படாது. தமிழில் நாம என்றால் கேட்கிறவரும் உள்ளே, நாங்க என்றால் அவர் வெளியே. எனக்கு இந்த வித்தியாசம் மண்டையில் ஏறவில்லை. ஒருநாள் பக்கத்து வீட்டம்மாவிடம், "நாம நாளைக்குப் பிச்சாவரம் போறோம்" என்று சொல்லிவிட்டேன். மறுநாள் காலை அந்த வீட்டில் அத்தனை பேரும் தலைக்குக் குளித்து, பூ வைத்து, எலுமிச்சைச் சோறு கட்டிக்கொண்டு எங்கள் வாசலில் நின்றார்கள். அப்பாவுக்கு ஒன்றும் ஓடவில்லை. பேசி வைத்திருந்த காரில் எங்களுக்கே இடம் போதாது. வேறு வழியில்லாமல் இன்னொரு கார் பிடித்து எல்லோரும் போனோம். படகில் அந்த அம்மா என் கன்னத்தைக் கிள்ளிக் கிள்ளி, "இந்தப் புள்ளதான் நம்மளக் கூப்ட்டுச்சு" என்று சொல்லிக்கொண்டே வந்தார். வீட்டுக்கு வந்ததும் அப்பா முதுகில் இரண்டு வைத்தார். இருந்தாலும் அதைப் போல ஒரு சந்தோஷமான நாள் எனக்கு நினைவில் அதிகம் இல்லை.

பள்ளிக்கூடத்தில் எல்லாம் பிரெஞ்சு. தமிழ் எழுத்துகளை நான் கற்றது சுவரொட்டிகளில். படத்தின் பெயரில் பெரிய எழுத்துகள், 'தினசரி நான்கு காட்சிகள்' என்பதில் சின்ன எழுத்துகள். பிறகு தியேட்டருக்குள்ளேயே போய்விட்டேன். அந்த இருட்டில் யாரும் யாரையும் எந்த ஊர் என்று கேட்பதில்லை. எல்லோரும் சிரிக்கும்போது சிரித்தால் போதும், நம் பையன் ஆகிவிடலாம். கல்லூரிக் காலத்தில் தொழிற்சங்கக் கூட்டங்களுக்குப் போகத் தொடங்கியபின் அந்தச் சிரிப்பு கெட்டுவிட்டது. ஒரு காட்சியில் யார் உட்கார்ந்திருக்கிறார், யார் நிற்கிறார் என்று மட்டுமே என் கண் பார்க்க ஆரம்பித்தது. கதாநாயகன் வீட்டில் பாத்திரம் விளக்குகிறவளுக்கு ஒரு வசனமாவது உண்டா, மன்னிப்புக் கேட்பது யார், கேட்க வைப்பது யார். இதைத்தான் இத்தனை வருஷமாக எழுதிக்கொண்டிருக்கிறேன். பிழைப்புக்குப் பிரெஞ்சு வகுப்பு எடுத்தேன். உயிர் இதில்தான் இருந்தது.

இந்த வேலையில் ஒரு சங்கடம் உண்டு. படத்தைத் திட்டப் போய், அதைப் பார்த்துக் கைதட்டியவனைத் திட்டிவிடுவோம். அவன் உழைத்துச் சம்பாதித்த காசில் டிக்கெட் எடுத்தவன். அவனைத் திட்ட நான் யார்? அதனால் ஆரம்பத்திலிருந்தே 'நாம்' என்று எழுதிப் பழகிவிட்டேன். நாம் அழுதோம், நாம் கைதட்டினோம், நாம் ஏன் கைதட்டினோம். ஒரு மரியாதைக்குத்தான். நிஜத்தில் நான் கைதட்டுகிறவன் அல்ல. எல்லோரும் ஆடினாலும் கல்லுப்பிள்ளையார் மாதிரி உட்கார்ந்திருப்பேன். அதில் எனக்கு ஒரு பெருமையும் உண்டு.

தேர்தல் வந்தால் என் நிலைமை இன்னும் மோசம். மாதக்கணக்கில் எழுதுவேன், வாதாடுவேன், தொண்டை கட்டும். ஓட்டுப் போடும் நாளில் மனைவியை ஸ்கூட்டரில் கொண்டுபோய்ப் பள்ளிக்கூட வாசலில் இறக்கிவிட்டு எதிரே டீக்கடையில் நிற்பேன். அவள் விரலில் மையோடு வருவாள். யாருக்குப் போட்டாய் என்று கேட்டால், "அதெல்லாம் சொல்லக் கூடாது" என்பாள். எனக்கு ஓட்டு இருப்பது பிரான்சில். அந்தத் தேர்தல் சமயத்தில் கட்டுக் கட்டாகக் காகிதங்கள் வரும். அவற்றில் சிரிக்கும் முகங்களில் யார் எந்தப் பக்கம் என்று எனக்குத் தலையும் புரியாது வாலும் புரியாது. எங்கள் ஊரிலேயே பிரெஞ்சுத் தூதரகத்தில் அதற்கும் ஒரு வரிசை நிற்கும். வரிசை முழுக்க என்னைப் போன்ற முகங்கள்தான், பென்ஷனைப் பற்றியும் மூட்டு வலியைப் பற்றியும் தமிழில் பேசிக்கொண்டிருக்கும். நானும் நின்று யாருக்கோ போட்டுவிட்டு வந்து மத்தியானம் நன்றாகத் தூங்குவேன்.

புகாருக்குக் காரணமான படத்துக்கு வருகிறேன். பெரிய நடிகர் நடித்த படம். சில காட்சிகளை எங்கள் ஊர் மீனவக் குப்பமான வைத்திக்குப்பத்தில் எடுத்தார்கள். கதாநாயகன் மீனவன். ஒரு வியாபாரி படகு வேலைக்கு வடக்கிலிருந்து குறைந்த கூலிக்கு ஆட்களைக் கொண்டுவருகிறான். ஊர்ப் பையன்களுக்கு வேலை போகிறது. கதாநாயகன் கோபத்தோடு கடற்கரைக்கு வருகிறான். வருகிறவன் வியாபாரியைப் பிடிக்கவில்லை. வேலைக்கு வந்தவர்களில் ஒருவனை, எலும்பும் தோலுமாக இருக்கும் ஒரு பையனைக் காலரைப் பிடித்து இழுத்து ஈர மணலில் மண்டி போட வைக்கிறான். "இது யாரு கடலு?" என்று கேட்கிறான். அந்தப் பையன் உடைந்த தமிழில் "உங்க கடலு" என்கிறான். "அப்ப நீ யாரு?" என்கிறான். "யாரும் இல்ல" என்று பதில் வருகிறது. தியேட்டர் இடிந்து விழாத குறை.

முதல் நாளே நானும் மனைவியும் போயிருந்தோம். அந்த நடிகரை அவளுக்குப் பிடிக்கும், அதை மறைக்கவும் மாட்டாள். கூட்டத்தில் நிற்கும் ஆட்களாக நடித்த குப்பத்து ஜனங்களும் நிறையப் பேர் வந்திருந்தார்கள். தங்கள் முகம் திரையில் தெரியும்போதெல்லாம் கூச்சல் போட்டார்கள். வீட்டுக்கு வந்து அன்று மாலையே எழுதினேன். "கூலியைக் குறைத்தவன் ஓரமாக நிற்கிறான். குறைந்த கூலிக்கு வந்தவன் மண்டி போடுகிறான். அந்த நிமிஷத்தில் நாம் விசில் அடித்தோம். நாம் யாரைப் பார்த்து விசில் அடித்தோம்?" கட்டுரை இணையத்தில் வந்தது. என் கட்டுரைகளுக்குப் பொதுவாக வாசகர்கள் கையளவுதான். இதை நடிகரின் ரசிகர்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். திட்டுகள் எனக்குப் புதிதல்ல. ஆனால் யாரோ ஒருவர் என் ஜாதகத்தையே தோண்டி எடுத்துவிட்டார். 'இவன் பிரெஞ்சுக்காரன். இவனுக்கு இங்க ஓட்டே இல்ல. நாம்னு எழுத இவன் யாரு?' என்று போட்டார். அதை ஆயிரம் பேர் எடுத்துப் போட்டார்கள். கொஞ்ச நாளில் கடிதம் வந்தது.

நான் கோபப்பட்டிருக்க வேண்டும். ஆனால் வந்தது கோபம் இல்லை. அந்தக் கேள்வி நியாயமான கேள்வி என்று தோன்றிவிட்டது. எதிரி நியாயமாகக் கேட்டால் என்ன செய்வது என்று எந்தக் கூட்டத்திலும் எனக்குச் சொல்லித் தரவில்லை.

கடிதத்தை எடுத்துக்கொண்டு வக்கீலிடம் போனேன். எங்கள் திரைப்படக் கழகத்தின் பழைய ஆள். படம் ஓடும்போது தூங்கிவிட்டு, விவாதத்தில் முதல் ஆளாகப் பேசுவார். என்னை முசே என்றுதான் கூப்பிடுவார், பிரெஞ்சில் ஐயா என்று அர்த்தம். கடிதத்தைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"யோவ் முசே, இது சிம்பிள். நீ பத்திரிகைக்காரன் இல்ல, சேதி எழுதல. இலக்கியமா ஏதோ கிறுக்கிக்கினு இருக்கிற. அது ஒண்ணு. ரெண்டாவது, நீ எழுதறது சினிமா. அதுல அரசியல் இல்ல. ரெண்டையும் எழுதி ஒரு கையெழுத்துப் போட்டுட்டு வூட்டுக்குப் போ."

"அரசியல் இல்லன்னு நான் எப்படிய்யா எழுதிக் குடுக்கறது? சினிமான்னாலே அரசியல்தான்னு நம்ம கழகத்துல இத்தன வருஷமாப் பேசிக்கினு இருக்கேன்."

"கழகத்துல பேசு. அங்க வர்ற எட்டுப் பேர்ல எவனும் புகார் குடுக்க மாட்டான்."

"எழுதிக் குடுக்கலன்னா?"

"அட்டைய ரத்து பண்ணலாம். பண்ணா போவ வேண்டியதுதான்."

"எங்க?"

"உன் நாட்டுக்கு" என்றார். சொன்ன பிறகு அவருக்கே என்னவோ போல் ஆகிவிட்டது. பையனைக் கூப்பிட்டு டீ சொன்னார். டீ வரும் வரை இரண்டு பேரும் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

பிறகு அவர் மாதிரிகளைப் பற்றிப் பேசினார். அச்சுக்குப் போகிற புத்தகத்தையே கொண்டுபோய்க் கொடு, அதற்கு முன் ஒரு தடவை சரிபார் என்றார். தாள்களைப் புரட்டி, கண்ணில் பட்ட 'நாம்' எல்லாவற்றையும் பென்சிலால் வட்டம் போட்டார். பக்கம் முழுக்க வட்டமாக இருந்தது. "இதான் உன் வில்லங்கம். நாம் தேர்ந்தெடுத்தோம்னு ஒரு எடத்துல எழுதியிருக்க. நீ எங்கய்யா தேர்ந்தெடுத்த? டீக்கடையில நின்ன." இதுவும் நியாயமாகத்தான் இருந்தது.

வீட்டில் உட்கார்ந்து மாற்றிப் பார்த்தேன். 'அவர்கள் விசில் அடித்தார்கள்.' உடனே நான் நீதிபதி ஆகிவிட்டேன், குப்பத்து ஜனங்கள் கூண்டில் நின்றார்கள். 'மக்கள் விசில் அடித்தார்கள்.' இது பேப்பர்ச் செய்தி. 'நாங்கள் விசில் அடித்தோம்.' போலீஸ் ஸ்டேஷனில் கொடுத்த வாக்குமூலம். 'நான்' என்று போடலாமா என்றால், நான் அடிக்கவே இல்லையே, பொய்யாகிவிடும். ஒரே ஒரு சொல்லை எடுத்ததும் இத்தனை வருஷத்து எழுத்தும் ஒரு பெரிய மனுஷன் ஊரைத் திட்டுகிற எழுத்தாக மாறுவதைப் பார்த்தேன். எனக்கு அழுகையே வந்துவிட்டது. இவ்வளவுதானா என் அரசியல், ஒரு சொல்லுக்குள் அடங்குகிற அரசியலா என்று மனைவியிடம் புலம்பினேன்.

சமையலறையிலிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வந்து எதிரே உட்கார்ந்தாள். "உங்களுக்கு உங்க சொல்லு போவுதேன்னு கவல. எனக்கு என்னா கவலன்னு கேட்டீங்களா? எனக்குத் தவளக்குப்பத்தத் தாண்டி ஊர் கெடையாது. உங்கள அனுப்பிட்டா நான் அங்க வந்து அந்தக் குளிருல யாரோட பேசுவேன்?" என்றாள். அப்போதுதான் எனக்கும் பயம் வந்தது. இந்த வீடு, இந்த மேசை, கையில் தட்டோடு சாப்பிடுகிற இவள், இதெல்லாம் ஓர் அட்டையில் நிற்கிறது என்பது அதுவரை எனக்கு உறைக்கவே இல்லை.

அவள் சிவப்புப் பேனாவைத் திறந்தாள். "நாம் விசில் அடித்தோம். இதுல நாம் எதுக்கு? எடுத்துடுங்க. விசில் அடித்தோம். போதும்."

"யாரு அடிச்சாங்கன்னு தெரியாதே."

"அடித்தோம்ல ஓம் இருக்குல்ல. நாமன்னாலும் ஓம்தான், நாங்கன்னாலும் ஓம்தான். படிக்கறவன் வேணும்னா சேந்துக்கட்டும், வேணான்னா வெளிய நிக்கட்டும். எட்டாங் கிளாஸ் பாடம். தோன்றா எழுவாய்."

தோன்றா எழுவாய். வாக்கியத்தில் இருப்பான், கண்ணுக்குத் தெரிய மாட்டான். எட்டாம் வகுப்பில் நான் பிரெஞ்சு இலக்கணம் படித்துக்கொண்டிருந்ததால் எனக்கு இது தெரியாமல் போயிருக்கிறது. அவளுக்கு நன்றி சொல்வதா, கோபித்துக்கொள்வதா என்று விளங்கவில்லை. ஒரு பக்கம், பிழைத்தோம் என்று இருந்தது. இன்னொரு பக்கம், இது ஒளிந்துகொள்கிற வேலை என்று இருந்தது. இரண்டு நாளாக அவள் ஒவ்வொரு 'நாம்' ஆக அடித்துக்கொண்டே போனாள். அடிக்கும்போது அவள் முகத்தில் ஒற்று போடும்போது இருக்கும் அதே அமைதி. நான் வக்கீல் எழுதித் தந்த விளக்கத்தில் கையெழுத்துப் போட்டேன். 'திரைப்படங்கள் குறித்த ரசனைக் குறிப்புகள் மட்டுமே. அரசியல் உள்ளடக்கம் ஏதுமில்லை.'

விளக்கத்தையும் தாள்களையும் முன்கூட்டியே அனுப்பிவிட்டு, சொன்ன நாளில் இரண்டு பேரும் போனோம். மனைவியை வரவேண்டாம் என்றால் கேட்கவில்லை. "இந்தியாக்காரி ஒருத்தி பக்கத்துல இருக்கட்டும்" என்றாள்.

அதிகாரி என்னைவிட வயதில் மிகவும் சின்னவர். மரியாதையாக எழுந்து உட்காரச் சொன்னார். மேசையில் என் தாள்கள் இருந்தன. ஓரங்களில் ஒட்டுச் சீட்டுகள் நீட்டிக்கொண்டிருந்தன. "முழுசாப் படிச்சேன் சார்" என்றார். என் புத்தகத்தை முழுசாகப் படித்ததாக என் முகத்துக்கு நேரே ஒருவர் சொன்னது அதுதான் முதல் தடவை. சத்தியமாகச் சொல்கிறேன், வந்த காரியம் மறந்து ஒரு கணம் எனக்கு உடம்பு சிலிர்த்தது. எந்தக் கட்டுரை பிடித்தது என்று கேட்க வாய் வரை வந்துவிட்டது.

"நல்ல தமிழ் சார். ஒண்ணுதான் புரியல" என்று ஒட்டுச் சீட்டு இருந்த பக்கத்தைத் திறந்தார். "அழுதோம், கைதட்டினோம், விசில் அடித்தோம்னு வந்துக்கினே இருக்கு. யாரு சார் அது?"

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்வதற்காகத்தான் நான் இவ்வளவு காலம் எழுதினேன் என்று ஒரு மனசு சொன்னது. பதில் சொன்னால் அட்டை போய்விடும் என்று இன்னொரு மனசு சொன்னது. மனைவி என்னைப் பார்க்கவில்லை. நேராக அவரைப் பார்த்து, "ரசிகர்கள் சார்" என்றாள். "படம் பாக்க வந்த ரசிகர்கள். இவரும் ஒரு ரசிகர்தான். மொத நாள் மொத ஷோ என்னையும் கூட்டிக்கினு போயிடுவாரு."

அதிகாரி சிரித்தார். "அப்ப சரி. ரசிகர் எழுதனது. அரசியல் ஒண்ணும் இல்ல" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு ஏதோ எழுதினார். நான் முன்னால் நகர்ந்தேன். ரசிகன் இல்லை சார், விமர்சகன் என்று சொல்ல வாயைத் திறந்தேன். அரசியல் இருக்கிறது, அந்தப் பக்கத்தை இன்னொரு தடவை படித்துப் பாருங்கள் என்று கூடச் சொல்லியிருப்பேன். மேசைக்கு அடியில் மனைவியின் செருப்பு என் கால்மீது ஏறி நின்றது. வலியில் உயிர் போனது.

"ஏதாவது சொல்லணுமா சார்?" என்றார் அவர். பேனாவை எழுதாமல் தூக்கிப் பிடித்திருந்தார்.

"இல்ல சார்" என்றேன்.

அவர் மீதியையும் எழுதி முடித்தார். தாள்களை அடுக்கித் திருப்பிக் கொடுக்கும்போது, "அந்தக் கடற்கர சீன், நானும் தியேட்டர்லதான் பாத்தேன்" என்றார். மேலே ஏதாவது சொல்வார் என்று காத்திருந்தேன். சொல்லவில்லை. அவர் புரிந்துகொண்டு என்னை விட்டாரா, அல்லது முழுசாகப் படித்தும் என் எழுத்தில் அரசியல் அவர் கண்ணில் படவே இல்லையா? முதலாவது என்றால் அவர் நல்ல மனுஷர். இரண்டாவது என்றால் நான் இத்தனை வருஷம் என்ன செய்தேன்? வெளியே வரும்போது எனக்கு எதை வேண்டிக்கொள்வது என்றே தெரியவில்லை.

ஸ்கூட்டரைக் கிளப்பினேன். மனைவி பின்னால் உட்கார்ந்து தாள்களை மடியில் வைத்துக்கொண்டாள். கடற்கரைச் சாலைக்கு வந்தோம். அட்டை பிழைத்துவிட்டது, வீடு பிழைத்துவிட்டது, அவளுக்கு நான் கடன்பட்டிருக்கிறேன். எல்லாம் தெரிந்தும் உள்ளே எரிந்தது.

"ரசிகர்னு சொல்லிட்டியே" என்றேன், தலையைத் திருப்பாமல்.

"ஏன், பொய்யா?"

"உனக்குத் தெரியாதா? நான் கைதட்டிப் பாத்திருக்கியா? ஊரே ஆடினாலும் அசையாம உக்காந்திருக்கறவன் நான். நாம்னு எழுதனது ஒரு மரியாதைக்கு. ஜனங்களத் தனியா நிறுத்தி வக்கக் கூடாதுன்னு."

காற்றில் தாள்கள் படபடத்தன, அவள் அவற்றை அமுக்கிப் பிடிப்பது தெரிந்தது.

"அந்தப் பையன் மண்டி போட்டான்ல, யாரும் இல்லன்னு சொன்னான்ல. அப்ப நீங்க எழுந்துட்டீங்க. ரெண்டு வெரலையும் வாயில வச்சு ஊதனீங்க. சத்தம் வரல. காத்துதான் வந்துச்சு."

வண்டியை ஓரமாக நிறுத்தினேன். திரும்பி அவள் முகத்தைப் பார்த்தேன். கிண்டல் இல்லை.

"அதனாலதான் அந்த எடத்துல நாம் விசில் அடித்தோம்னு நீங்க எழுதியிருந்தப்ப நான் ஒண்ணும் கேக்கல" என்றாள். "உண்மையத்தான் எழுதியிருக்கீங்கன்னு நெனச்சேன்."

நான் யோசித்து யோசித்துப் பார்த்தேன். எழுந்தது ஞாபகம் இல்லை. விரல் ஞாபகம் இல்லை. அந்தப் பையனின் முழங்கால் ஈர மணலில் பதிந்தது மட்டும் நன்றாக ஞாபகம் இருக்கிறது.